ருமைஸா என்று பெயர் வைக்குமுன்

பெண் குழந்தைக்கு ருமைஸா என்று பேர் வைக்கலாமா என்று கேட்டு வருகிறவர்கள் அர்த்தத்தையும் கையோடு கொண்டு வந்துவிடுகிறார்கள். "பூங்கொத்து" என்பார்கள். இணையத்துப் பெயர்ப் பட்டியல்கள் பலவற்றில் அப்படித்தான் இருக்கிறது. ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதியது. அரபு அகராதியைத் திறந்து அந்த வேர்ச்சொல்லுக்குப் போனால் அங்கே பூவும் இல்லை, கொத்தும் இல்லை. இருப்பது கண்ணோரத்தில் கட்டும் பீளை.

இதைச் சொன்னதும் பெற்றவர்கள் முகம் சுருங்கிப் போகும். பாதிப் பேர் அந்த நிமிடமே பெயரைக் கைவிடுவார்கள். மீதிப் பேர் "அப்படியா, சரி, பூங்கொத்து என்றே சொல்லிக்கொள்வோம்" என்பார்கள். இரண்டுமே அவசரம். நம்மூரில் அபூர்வமான இந்தப் பெயருக்குப் பின்னால் ஒரு பெரிய மனுஷி இருக்கிறார், வானத்தில் ஒரு நட்சத்திரம்கூட இருக்கிறது. ஆற அமரப் பார்த்துவிட்டு முடிவு செய்வதுதான் முறை.

முதலில் எழுத்து. ரா, மீம், ஸாத் ஆகிய மூன்றும் இந்தப் பெயரின் வேரெழுத்துகள். "ரமஸ்" என்றால் கண்ணின் ஓரத்தில் சேரும் வெண்ணிற அழுக்கு, அதாவது பீளை. காய்ந்து கட்டியிருப்பதை மட்டும் ரமஸ் என்பதா, ஈரமாக வழிவதையா என்பதில் அகராதிக்காரர்களுக்குள் வழக்கு உண்டு. நமக்கு அது வேண்டாம். பீளை கட்டிய கண்ணுள்ள ஆணை "அர்மஸ்" என்பார்கள், பெண்ணை "ரம்ஸா" என்பார்கள். நிறத்தையும் உடல் அடையாளத்தையும் சொல்லும் அரபுச் சொற்கள் இந்த அச்சில்தான் வரும். சிவந்தவன் அஹ்மர், சிவந்தவள் ஹம்ரா. அந்த ஹம்ராவைச் சுருக்கிச் செல்லமாக அழைத்தால் ஹுமைரா. ரம்ஸாவைச் சுருக்கினால் ருமைஸா. மதரஸாவில் ஓதியவர்கள் இதைத் தஸ்கீர் என்பார்கள். ஹுமைரா என்ற பெயர் எல்லோருக்கும் தெரியும் என்பதால், ருமைஸாவை விளங்கவைக்க அதைவிட நல்ல உதாரணம் இல்லை. இரண்டும் ஒரே அச்சில் வார்த்தவை.

இந்த அச்சைத் தெரிந்துகொள்வதில் ஒரு நடைமுறை லாபம் இருக்கிறது. அதே ரா-மீம்-ஸாத் வேரில் இன்னொரு வினையும் உண்டு: சண்டையிட்டவர்களுக்கு நடுவே சமாதானம் செய்துவைப்பது. அகராதியைப் புரட்டிய சிலர் இதைப் பார்த்துவிட்டு, "அப்படியானால் ருமைஸா என்றால் சமாதானம் செய்பவள்" என்று சந்தோஷமாகத் திரும்பி வருவார்கள். வேர் ஒன்றுதான், ஆனால் அச்சு இடம்கொடுக்காது. செய்கிறவளைக் குறிக்கும் அச்சு "ராமிஸா" என்று வந்திருக்கும். ருமைஸா என்ற உருவம் கண்ணைத்தான் காட்டுகிறது. ஒரு வேரின் கீழே அகராதியில் ஏழெட்டுப் பொருள் இருந்தால் அதில் பிடித்ததைப் பொறுக்கிக்கொள்ள முடியாது. பெயர் எந்த அச்சில் இருக்கிறதோ அந்த அச்சுக்குரிய பொருள்தான் அதன் பொருள்.

இனி, இந்தப் பெயரை இத்தனை நூற்றாண்டு உயிரோடு வைத்திருப்பவர். மதீனாவில் கஸ்ரஜ் கோத்திரத்தின் பனூ நஜ்ஜார் கிளையைச் சேர்ந்த மில்ஹானின் மகள், உம்மு சுலைம் (ரலி). நபிகள் நாயகம் (ஸல்) அவர்களுக்குப் பத்து வருடம் பணிவிடை செய்த அனஸ் இப்னு மாலிக் (ரலி) அவர்களைப் பெற்ற தாய். ருமைஸா என்பது அவருடைய பெயர் என்றும் பட்டப்பெயர் என்றும் இரண்டு விதமாகச் சொல்வார்கள். அவருடைய இயற்பெயர் என்ன என்பதில் ஹதீஸ் கலை அறிஞர்களிடம் ஒரு பட்டியலே இருக்கிறது: ஸஹ்லா, ருமைலா, ருமைஸா (ஸாத் அல்ல, மூன்று புள்ளி வைத்த வேறு அரபு எழுத்தோடு), முலைகா, குமைஸா, ருமைஸா (ஸாத் எழுத்தோடு). ஹிஜ்ரி 852-இல் இறந்த இப்னு ஹஜர், நபித்தோழர்களின் வரலாறுகளைத் தொகுத்த அல்-இஸாபாவில் இந்தப் பெயர்களைத் தருகிறார்.

பெயர் விஷயத்தில் உறுதியான ஆதாரம் ஹதீஸில் இருக்கிறது. ஜாபிர் (ரலி) அறிவிக்கும் செய்தி புகாரி என்ற ஹதீஸ் தொகுப்பில் 3679-ஆம் எண்ணில் வருகிறது. நபி (ஸல்) அவர்கள் தாம் சொர்க்கத்தில் நுழைவதாகக் கண்டதைச் சொல்லும்போது, அங்கே அபூதல்ஹாவின் மனைவி ருமைஸாவைக் கண்டதாகச் சொல்கிறார்கள். அபூதல்ஹா, உம்மு சுலைமின் இரண்டாவது கணவர். பிலாலின் காலடியோசையும் உமருக்குரிய மாளிகையும் அதே செய்தியில் அடுத்தடுத்து வருகின்றன. முஸ்லிம் என்ற இன்னொரு தொகுப்பில் (2456) அனஸ் (ரலி) வழியாக வரும் அறிவிப்பில் காலடியோசை கேட்டு "யார் இது?" என்று கேட்க, "மில்ஹானின் மகள் குமைஸா, அனஸின் தாய்" என்று பதில் வருகிறது. ருமைஸாவும் குமைஸாவும் ஒருவரே. ஹிஜ்ரி 676-இல் இறந்த இமாம் நவவி, முஸ்லிமுக்கு எழுதிய விரிவுரையில் இரண்டு சொல்லுக்கும் பொருள் நெருக்கமானதுதான், கண்ணோரத்துப் பீளையைக் குறிப்பது என்று மறைக்காமல் எழுதிவைத்திருக்கிறார்.

இதில்தான் பெற்றவர்களின் கேள்விக்கு விடை இருக்கிறது. மோசமான பொருள் உள்ள பெயர்களை நபி (ஸல்) அவர்கள் மாற்றியதற்குத் தெளிவான முன்மாதிரிகள் உண்டு. உமர் (ரலி) அவர்களின் மகளுக்கு ஆஸியா என்று பெயர். மாறு செய்பவள் என்று பொருள். அதை ஜமீலா என்று மாற்றினார்கள். பர்ரா, அதாவது "நல்லவள்" என்று தன்னைத்தானே புகழ்ந்துகொள்வதுபோல் இருந்த பெயரை ஸைனப் என்றும் ஜுவைரியா என்றும் மாற்றினார்கள். ஹஸ்ன் (கரடுமுரடு) என்றிருந்தவரை ஸஹ்ல் (இலகு) என்று மாற்றிக்கொள்ளச் சொன்னார்கள், அவர் கேட்கவில்லை. இப்படிப் பெயர்ப் பொருளைக் கவனித்தவர்கள், ருமைஸாவை மட்டும் தொடவில்லை. தொடாததோடு, சொர்க்கத்தில் கண்டதாகச் சொல்லும் இடத்தில் அந்தப் பெயராலேயே சொல்கிறார்கள். எங்கள் பார்வையில் இதற்கு மேல் அனுமதி தேட வேண்டியதில்லை. மார்க்கத்தில் தடை உண்டா என்று கேட்டால் இல்லை. அகராதிப் பொருள் பிடித்திருக்கிறதா என்பது தனிக்கேள்வி. அது பெற்றவர்கள் இஷ்டம்.

அரபிகளிடம் உடல் அடையாளத்தைப் பெயராக்குவது சாதாரணம். பெரும் ஹதீஸ் அறிவிப்பாளர் ஸுலைமான் இப்னு மிஹ்ரானை உலகம் அஃமஷ் என்றே அழைக்கிறது. பார்வை மங்கிக் கண்ணீர் வடியும் கண்ணுள்ளவர் என்று பொருள். எழுத்தாளர் ஜாஹிழ், முழி பிதுங்கியவர். இரங்கற்பாக்களுக்குப் பேர்போன கவிஞர் கன்ஸாவின் இயற்பெயர் துமாழிர். மூக்கு சற்றே தட்டையாக மேலேறி இருந்ததால் கன்ஸா. அதை மானின் மூக்கோடு சேர்த்து அழகாகவே பார்த்தார்கள். இவர்களில் யாரும் இதை அவமானமாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. பிச்சை, குப்பை என்று பேர் வைத்த நம்மூருக்கு இது புதிதும் அல்ல. நம்முடையது கண்ணேறுக்குப் பயந்து வைத்தது, அவர்களுடையது கண்ணால் பார்த்து வைத்தது.

அந்த வீட்டில் தஸ்கீர் பெயர்கள் எவ்வளவு சகஜம் என்பதையும் கவனியுங்கள். தாய் உம்மு சுலைம். சுலைம் ஒரு சுருக்க வடிவம். அவருடைய சின்ன மகன் அபூ உமைர். உமைர் என்பது உமரின் சுருக்கம். அந்தப் பிள்ளை நுகர் என்ற குருவி ஒன்றை வளர்த்தது. குருவி செத்துப்போய்ப் பிள்ளை வாடியிருந்தபோது நபி (ஸல்) அவர்கள், "யா அபா உமைர், மா ஃபஅலந் நுகைர்?" என்று எதுகையோடு கேட்டார்கள்: அபூ உமைரே, உன் குட்டிக் குருவி என்ன ஆச்சு? மூத்தவர் அனஸை "உனைஸ்" என்று கூப்பிட்டதும் முஸ்லிமில் பதிவாகியிருக்கிறது. உமைர், நுகைர், உனைஸ், சுலைம் என்று புழங்கிய இடத்தில் ருமைஸாவும் அதே ஓசையோடு உட்கார்ந்திருக்கிறது. அகராதிப் பொருளை மட்டும் பிய்த்தெடுத்து "பீளைக்காரி" என்று மொழிபெயர்த்தால் அந்தக் கொஞ்சல் போய்விடும்.

அவர் எப்படிப்பட்டவர் என்பதைக் குழந்தைக்குப் பின்னாளில் சொல்ல வேண்டியிருக்கும் என்பதால் மூன்று செய்திகளைத் தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள். இவர் இஸ்லாத்தை ஏற்றதில் கோபித்துக்கொண்டு முதல் கணவர் மாலிக் இப்னு நழ்ர் சிரியாப் பக்கம் போய் அங்கே கொல்லப்பட்டார். அபூதல்ஹா பெண் கேட்டு வந்தபோது அவர் இன்னும் இஸ்லாத்துக்கு வரவில்லை. "உங்களைப் போன்றவரைத் தட்டிக்கழிக்க முடியாது; ஆனால் நீங்கள் இஸ்லாத்துக்கு வருவதுதான் என் மஹர், வேறு எதுவும் கேட்கமாட்டேன்" என்ற பொருளில் பதில் சொன்னார். நஸாயி என்ற ஹதீஸ் தொகுப்பில் இது இருக்கிறது. ஹிஜ்ரி 8-இல் ஹுனைன் போரின்போது இடுப்பில் கத்தி வைத்திருந்தார். எதற்கு என்று நபி (ஸல்) கேட்க, இணைவைப்பாளர் எவராவது நெருங்கி வந்தால் வயிற்றைக் கிழிக்க என்றார். நபி (ஸல்) சிரித்துவிட்டார்கள். அதற்கு முன் உஹத் போரில் ஆயிஷா (ரலி) அவர்களோடு தோல்பையில் தண்ணீர் சுமந்து காயம்பட்டவர்கள் வாயில் ஊற்றியவரும் இவரே.

மூன்றாவது, எல்லோரும் பிரசங்கத்தில் கேட்டிருப்பது. நோயுற்றிருந்த மகன் அபூதல்ஹா வெளியே போயிருந்தபோது இறந்துவிட்டான். வீட்டில் யாரும் வாய்திறக்கக் கூடாது, நானே சொல்கிறேன் என்றார். கணவர் வந்து பிள்ளை எப்படி என்று கேட்டதும், "முன்னைவிட அமைதியாக இருக்கிறான்" என்று சொல்லி இரவுச் சாப்பாடு வைத்தார். பிறகுதான், ஒருவர் இரவல் கொடுத்த பொருளைத் திருப்பிக் கேட்டால் மறுக்கலாமா என்று கேட்டு விஷயத்தை உடைத்தார். அந்த இரவுக்காக நபி (ஸல்) பரக்கத் வேண்டித் துஆச் செய்தார்கள். பிறந்த பிள்ளையைப் பேரீச்சம்பழங்களோடு நபியிடம் அனுப்பிவைத்தார். பழத்தை மென்று குழந்தையின் வாயில் தடவி அப்துல்லாஹ் என்று பெயரிட்டார்கள். இன்று நாம் தஹ்னீக் என்று செய்வதற்கு எடுத்துக்காட்டும் செய்திகளில் இதுவும் ஒன்று. ருமைஸா என்ற பெயர் பேச்சுக்கு வரும் வீட்டில் இதைச் சொல்லாமல் விட்டால் பெயரின் பாதி விட்டுப்போகும்.

இவருடைய சகோதரி உம்மு ஹராம் (ரலி). சைப்ரஸ் கடற்பயணத்தில் வாகனத்திலிருந்து விழுந்து இறந்தவர். லார்னகா நகருக்குப் பக்கத்தில் உப்பேரிக் கரையில் ஹலா ஸுல்தான் தெக்கே என்ற இடத்தில் அவருடைய அடக்கத்தலம் இருக்கிறது. ருமைஸா என்பது உம்மு ஹராமின் பெயர் என்று எழுதியவர்களும் உண்டு. ஆனால் மேலே சொன்ன புகாரி அறிவிப்பில் "அபூதல்ஹாவின் மனைவி" என்று தெளிவாகவே இருப்பதால் குழம்பத் தேவையில்லை.

வானத்துக்கு வருவோம். சில பட்டியல்களில் ருமைஸாவுக்கு "நட்சத்திரம்" என்று போட்டிருப்பார்கள். இது பூங்கொத்து மாதிரி ஆதாரமில்லாதது அல்ல. அரபிகள் ஷிஃரா என்று இரண்டு நட்சத்திரங்களை அழைத்தார்கள். ஒன்று சிரியஸ், இரவு வானிலேயே பிரகாசமானது. குர்ஆனில் நஜ்ம் அத்தியாயத்தின் 49-ஆம் வசனத்தில் ஷிஃரா என்று வருவது இதுதான் என்பார்கள். மற்றது புரோசியான். இரண்டும் ஸுஹைலின் சகோதரிகள் என்பது பழைய அரபுக் கதை. ஸுஹைல் என்பது நாம் அகத்திய நட்சத்திரம் என்று சொல்கிற அதே நட்சத்திரம். ஸுஹைல் தெற்கே ஓடிப்போக, சிரியஸ் பால்வீதி என்ற ஆற்றைக் கடந்து பின்னாலேயே போய்விட்டாள். அதனால் அவள் "அபூர்", கடந்தவள். புரோசியான் கடக்க முடியாமல் இக்கரையிலேயே நின்று அழுது அழுது கண் பீளை கட்டிப்போனாள். அதனால் அவள் குமைஸா. ருமைஸா என்றும் அவளைச் சொல்வதுண்டு என்று லிஸானுல் அரப் அகராதி குறிக்கிறது.

பார்க்க வேண்டுமானால் பிப்ரவரி நடுவில் இரவு ஒன்பது மணிவாக்கில் மொட்டைமாடிக்குப் போங்கள். தமிழ்நாட்டிலிருந்து பார்த்தால் தெற்கே தரையிலிருந்து கால் வானத்து உயரத்தில் அகத்தியம், அதற்கு மேலே பாதி வானத்தைத் தாண்டிய உயரத்தில் பளீரென்று சிரியஸ், இன்னும் சற்று மேலே கிழக்கே சாய்ந்து உச்சிக்குப் பக்கத்தில் புரோசியான். விளக்கு வெளிச்சம் இல்லாத ஊரானால் சிரியஸுக்கும் புரோசியானுக்கும் நடுவே பால்வீதி மங்கலாகத் தெரியும். கதையில் வரும் ஆறு அதுதான். புரோசியானுக்குப் பக்கத்தில் நாலு டிகிரி தள்ளி, அதாவது கையை நீட்டினால் இரண்டு மூன்று விரல் அகலத்தில், மங்கலான ஒரு துணை நட்சத்திரம் இருக்கும். பழைய வானியல் நூல்கள் ஐரோப்பாவுக்குப் போனபோது குமைஸா என்ற பெயர் இடம்மாறி இந்தத் துணை நட்சத்திரத்தில் ஒட்டிக்கொண்டது. சர்வதேச வானியல் ஒன்றியம் 2016-இல் அதன் அதிகாரப்பூர்வப் பெயராக ஏற்றதும் கோமெய்ஸா என்பதையே.

ஆக, "நட்சத்திரத்தின் பெயர்" என்று சொல்லலாம், பொய்யில்லை. ஆனால் நட்சத்திரத்துக்கே அந்தப் பெயர் கண்ணிலிருந்துதான் வந்தது என்பதையும் தெரிந்து சொல்ல வேண்டும். பள்ளிக்கூடத்தில் அரபு தெரிந்த தோழி ஒருத்தி ஒருநாள் சொல்லித்தான் பிள்ளைக்கு இது தெரியவேண்டும் என்ற நிலை வரக்கூடாது.

இப்போது எழுத்துக் கோளாறு. எந்த அரபுப் பெயரிலும் தமிழர்கள் வழுக்குவது இங்கேதான். ஸீன், ஸாத், மூன்று புள்ளி எழுத்து மூன்றுக்கும் நம்மிடம் இருப்பது ஒரே ஸ. தமிழில் "ருமைஸா" என்று பார்த்தவுடன் அரபியில் எது என்று யாராலும் சொல்ல முடியாது. ஸாத் என்றால் மேலே பார்த்த பெயர். மூன்று புள்ளி எழுத்து என்றால் வேறு பெயர்: ரிம்ஸ் என்பது ஒட்டகம் மேயும் பாலைவனப் புதர், அதன் குறுவடிவம். அந்தப் பெயரிலும் நபித்தோழியர் உண்டு. ஸீன் போட்டால் வேர் மண்ணால் மூடுவது, கல்லறை என்ற பக்கம் போகிறது. அரபு நாடுகளிலேயே ஸீனோடு எழுதுகிறவர்கள் நிறைய. அவர்கள் எண்ணத்தில் இருப்பதும் உம்மு சுலைம்தான். என்றாலும் எழுதும்போது ஸாத் போட்டு எழுதுவதே சரி. வளைகுடாவில் வேலைபார்க்கும் குடும்பம் என்றால் விசா, அடையாள அட்டை எல்லாவற்றிலும் அரபு எழுத்தில் பெயர் ஏறும். தட்டச்சு செய்கிறவர் ஆங்கில எழுத்தைப் பார்த்துத் தன் ஊகத்தில் ஒன்றைப் போட்டுவிடுவார். அரபியில் சரியாக எழுதிய ஒரு துண்டுச்சீட்டை விண்ணப்பத்தோடு சேர்த்துக் கொடுத்து, "ஸாத், கடைசியில் அலிஃபும் ஹம்ஸாவும்" என்று வாயாலும் சொல்லிவிடுங்கள்.

இந்த ஒரு-ஸ சிக்கல் எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு மேலே சொன்ன ஆஸியாவே சாட்சி. ஐன், ஸாத் போட்டால் மாறு செய்பவள்; நபி மாற்றிய பெயர். ஹம்ஸா, ஸீன் போட்டால் ஃபிர்அவ்னின் மனைவி, சொர்க்கத்துப் பெண்மணிகளில் ஒருவர். தமிழில் இரண்டும் ஆஸியாதான். அலீம் என்பதில் ஐன் இருந்தால் நன்கறிந்தவன், ஹம்ஸா இருந்தால் நோவு தருவது. அதனால்தான் பெயரின் பொருளைத் தேடுமுன் அரபு எழுத்தை வாங்கிக்கொள் என்கிறோம். வரிசை இதுதான்: அரபு எழுத்து, அதிலிருந்து மூன்று வேரெழுத்து, பிறகு அச்சு, அதன்பின் அகராதி. லிஸானுல் அரப் பெரியது, பழைய அரபியில் ஓரளவு பழக்கம் வேண்டும். அரபு படிக்கவராது, ஆங்கிலம் வரும் என்றால் எட்வர்ட் லேன் என்ற ஆங்கிலேயர் தொகுத்த அரபு-ஆங்கில அகராதி போதும். 1863 முதல் 1893 வரை பல பாகங்களாக வந்தது, இணையத்தில் இலவசமாகக் கிடைக்கிறது, வேரெழுத்து வரிசையில் அமைந்தது. கடைசிப் பாகங்கள் மட்டும் ஆசிரியர் இறந்தபின் அவர் விட்டுவைத்த குறிப்புகளிலிருந்து தொகுத்தவை என்பதால் காஃப் எழுத்துக்கு மேல் போகப்போக மெலிந்துவிடும். ரா எழுத்துக்கு அந்தக் குறை இல்லை.

அகராதி முடிந்ததும் ஆள். அந்தப் பெயரில் யார் வாழ்ந்தார்கள் என்று பார்க்க அல்-இஸாபா உதவும். பெண்கள் பகுதி கடைசியில் வரும், எழுத்து வரிசையில் இயற்பெயர்கள், அதன் பிறகு "உம்மு" என்று தொடங்குபவை தனியாக. ருமைஸாவை ரா-வில் மட்டும் தேடினால் பாதி கிடைக்கும். உம்மு சுலைம் என்ற இடத்தையும் பார்க்க வேண்டும். இந்த இரண்டாவது படியைப் பெரும்பாலோர் செய்வதே இல்லை. அதைச் செய்யாவிட்டால் ருமைஸா போன்ற பெயர் அகராதிப் பக்கத்திலேயே செத்துவிடும். எதிர்ப்புறமும் உண்டு: ஓசை இனிமையாக இருக்கிறது, குர்ஆனில் வேறு வருகிறது என்று ஒரு சொல்லைப் பெயராக எடுப்பது. ஹாவியா என்றால் கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. காரிஆ அத்தியாயத்தில் அது நரகப் படுகுழி.

உச்சரிப்பு. "ரு" குறில். ரூமைஸா என்று நீட்டினால் பெயர் கெட்டுவிடும். அழுத்தம் கடைசி "ஸா"வில் விழும், அதை நீட்டிச் சொல்ல வேண்டும். ஸாத் என்பதால் அந்த "ஸா" சற்றே கனத்து, வாய் உள்வாங்கி வரும். அரபியில் "அர்-ருமைஸா" என்று முன்னொட்டோடு வரும். பிறப்புச் சான்றிதழில் அந்த "அர்" வேண்டாம். வீட்டில் சுருக்கும்போது "ரூமி" என்றாகிவிடும், தடுக்க முடியாது. ரூமி என்றால் ரோம நாட்டான் என்று மட்டும் தெரிந்துகொள்ளுங்கள்.

ஆங்கில எழுத்தில் ஆறேழு விதமாகப் புழங்குகிறது. அல்ஜீரியா, மொராக்கோவில் பிரெஞ்சு வழக்கப்படி இரட்டை எஸ் போடுவார்கள். துருக்கியில் ருமெய்சா என்பது நன்றாகவே புழங்கும் பெயர். 2021-இல் உலகின் உயரமான பெண் என்று கின்னஸில் இடம்பெற்றவர் பெயரும் அதுதான். நமக்கு எது வசதி? நடுவில் ஏ, ஐ போட்டால் வகுப்பாசிரியர் "ருமேசா" என்று வாசிப்பார். ஏ, ஒய் போட்டால் அந்த வம்பு குறைவு. ஒற்றை எஸ்ஸை ஆங்கிலக்காரர் இஸட் போல வாசித்து "ருமைஜா" ஆக்கும் வாய்ப்பு உண்டு. வெளிநாட்டில் வளரப்போகும் பிள்ளை என்றால் இரட்டை எஸ் யோசிக்கலாம், இங்கேயே வளரும் பிள்ளைக்கு ஒற்றை போதும். கடைசியில் எச் சேர்க்க வேண்டாம். ஃபாத்திமா, ஆயிஷா போன்ற பெயர்களின் முடிவில் உள்ள தா மர்பூத்தாவுக்குத்தான் எச் போடும் பழக்கம். ருமைஸாவின் முடிவு அது அல்ல, ஹம்ஸா. எதைத் தேர்ந்தாலும் ஒன்றையே கடைசிவரை வைத்துக்கொள்ள வேண்டும். பிறப்புச் சான்றிதழில் ஒன்று, ஆதாரில் ஒன்று, பத்தாம் வகுப்புச் சான்றிதழில் ஒன்று என்று போனால் பாஸ்போர்ட் எடுக்கும் நாளில் அலைச்சல்தான்.

பெயர் வைக்கும் நாள் பற்றி அவசரப்பட வேண்டியதில்லை. பிறந்த அன்றே வைக்கலாம். ஏழாம் நாள், பிள்ளைக்காக ஆடு அறுக்கும் அகீகாவோடும் வைக்கலாம். இரண்டுக்கும் ஹதீஸ் இருக்கிறது. அரசுப் பதிவில், இந்தியாவில் பிறப்பை 21 நாளுக்குள் பதிய வேண்டும். பெயர் முடிவாகாவிட்டால் பெயரில்லாமலே பதியலாம். பிறகு 12 மாதத்துக்குள் கட்டணமின்றிப் பெயரைச் சேர்க்கலாம். அதைத் தாண்டினால் தாமதக் கட்டணத்தோடு 15 வருடம் வரை. ஆகவே ஆஸ்பத்திரியில் படிவம் நீட்டியதும் வாயில் வந்ததை எழுதிக் கொடுக்காதீர்கள். ஏறிய பெயரை அழித்து வேறு பெயர் போடுவது, காலியாக விட்டதை நிரப்புவதைப் போல எளிதல்ல. 2023 அக்டோபர் 1 முதல் பிறந்த பிள்ளைகளுக்குப் பிறப்புச் சான்றிதழ்தான் அடிப்படை ஆவணம். பாஸ்போர்ட்டுக்குப் பிறந்த தேதி ஆதாரமாகவும் அதை மட்டுமே ஏற்கிறார்கள். முன்போல் பள்ளிச் சான்றிதழை வைத்துச் சமாளிக்க வழியில்லை.

சான்றிதழில் தமிழ்ப் பெயரையும் ஆங்கிலப் பெயரையும் தனித்தனியே, எழுத்தெழுத்தாகச் சரிபாருங்கள். தமிழில் "ருமைஸா" என்பது "ரூமைசா", "ருமைசா", "ரமைஸா" என்று ஆகக்கூடும். ஸ-வுக்குப் பதில் ச விழுவது பரவாயில்லை, ரு-வுக்குப் பதில் ர விழுந்தால் அங்கேயே திருத்தச் சொல்லுங்கள். தலைப்பெழுத்தை மட்டும் போடாமல் தகப்பனார் பெயரை முழுதாக எழுதுவது பின்னால் உதவும். 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம், பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்களை வருகை, சுற்றுலா விசாவில் அனுமதிப்பதில்லை என்று அறிவித்தது. தந்தை பெயரோ குடும்பப் பெயரோ பாஸ்போர்ட்டின் இரண்டாம் பக்கத்தில் இருந்தால் ஏற்றுக்கொண்டது. குடும்பப் பெயர் வழக்கமே இல்லாத தமிழர்களுக்கு இது நேரடியாக உறைத்த விஷயம். ருமைஸா என்று ஒற்றையாக வைக்காமல் முன்னால் ஃபாத்திமாவோ பின்னால் தகப்பனார் பெயரோ சேர்ப்பது இதனால்தான். பேகம், பானு சேர்ப்பது அவரவர் விருப்பம். ஓசைக்கு ருமைஸா தனியாகவே நிறைவாக இருக்கிறது.

எல்லாம் கேட்டபிறகும் பீளை என்ற சொல் மனதில் உறுத்திக்கொண்டே இருந்தால் வற்புறுத்த வேண்டாம். வீட்டில் ஒருவர் முகம் சுளித்துக்கொண்டு கூப்பிடும் பெயர் பிள்ளைக்கு நல்லதில்லை. அதே பெண்மணியின் பெயர்களில் ஸஹ்லா இருக்கிறது: இலகுவானவள், மென்மையானவள். அகராதியிலும் சிக்கலில்லை, தமிழ் நாக்குக்கும் சிக்கலில்லை. சின்ன "ஹ்" மட்டும் விழுங்கப்பட்டு "சலா" ஆகிவிடாமல் பார்த்துக்கொண்டால் போதும்.